டிவி போலீஸ்

ராஜலக்ஷ்மியின் புருஷன் முனிகிருஷ்ணன் நிஜப் போலீஸ்காரன்தான். காக்கிச் சட்டையும் தோளில் நம்பரும் உள்ளவன். ஆனால் பெங்களூர் ஸ்ரீராம்புரத்தில் அவர்கள் குடியிருந்த சந்தில் அவனை யாரும் அப்படி நினைத்ததில்லை. 'டிவி போலீஸ்' என்றுதான் பேர். தபால்காரர்கூட அப்படிச் சொன்னால்தான் வீட்டைக் கண்டுபிடிப்பார்.

பேர் வைத்தது எதிர்வீட்டு பெர்னதெத்தம்மா. கன்டோன்மென்ட் பக்கம் ஒரு நர்சிங் ஹோமில் ஆயா வேலை பார்த்து ஓய்ந்தவள். சந்தில் முதல் கலர் டிவி அவள் வீட்டுக்குத்தான் வந்தது. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கேபிள்காரன் ஒரு பழைய கன்னட நாடகத்தைக் கேசட் போட்டு விடுவான். எப்போதோ வந்து முடிந்துபோன நாடகம். அதில் ஒரு கான்ஸ்டபிள். தொப்பை தூக்கிய ஆள். பெல்ட் நிற்காது, விசில் ஊதினால் காற்றுதான் வரும். திருடனைப் பிடிக்கக் கிணற்றடியில் ஒளிந்துகொண்டு அங்கேயே தூங்கிப்போவான். திருடன் வந்து, பனியில் கிடக்கிறானே என்று ஒரு போர்வையை மேலே போர்த்திவிட்டுப் போவான். அடுத்த வாரம் வாழைப்பழத் தோலில் வழுக்கி அதே திருடன்மேல் விழுந்து அவனைப் பிடித்தும் விடுவான். அன்றைக்குச் சந்தே கைதட்டியது.

முனிகிருஷ்ணனும் கொஞ்சம் அந்த வார்ப்புதான். மாரியம்மன் கோயில் தேருக்குக் கயிறு பிடிக்கப் போய்க் கூட்டத்தோடு இழுபட்டு வேறு தெருவில் போய்ச் சேர்ந்தவன். மார்க்கெட்டில் ஜேப்படிக்காரனைத் துரத்தியபோது பூட்ஸ் கழன்று விழ, ஜேப்படிக்காரனே அதை எடுத்து நடைபாதைமேல் வைத்துவிட்டு ஓடினான் என்று அவனே வந்து சொன்னான். சந்து சிரித்தது. சிரிக்கச் சிரிக்க அவனும் அதற்குப் பழகிவிட்டான். சைக்கிளை நிறுத்தும்போது கொஞ்சம் வேண்டுமென்றே தடுமாறுவான் என்பது ராஜலக்ஷ்மிக்கு மட்டும் தெரியும். ஒருநாள் கேட்டுவிட்டாள்.

"ஏங்க, அதுங்க சிரிக்குதுங்கன்னு நீங்களும் ஆடறீங்களே?"

"சிரிச்சிட்டுப் போவட்டும் ராஜி. இந்த ஏரியாவுல காக்கி போட்டவனுக்கு எவன் வீட்டுல டீ குடுக்கறான்? எனக்குக் குடுக்கறாங்க."

பெர்னதெத்தம்மா இன்னும் தெளிவாகச் சொன்னாள். "நம்ம சந்துக்கு வர்ற போலீஸ் எப்பிடிம்மா வருவான்? லத்தியால கதவு கதவா தட்டிக்கினு வருவான். டிவில வர்றவன் அடிக்க மாட்டான். அடிக்கணும்னு நெனச்சாலும் அவனுக்கு வராது. அதான் புடிக்குது. உன் வூட்டுக்காரன் வந்தா கோழிகூட ஓட மாட்டேங்குது பாரு."

அந்த நாடகத்துக்கு எல்லாரையும்விடச் சத்தமாகச் சிரிப்பவன் நாகேஷ். பின்சந்தில் குடியிருந்தான். ஃபேக்டரி ஏரியாவில் ஒரு லேத் பட்டறையில் வேலை. டிவியில் கான்ஸ்டபிள் விறைப்பாக சல்யூட் அடித்துத் தன் தொப்பியைத் தானே தட்டிவிட்டால், நாகேஷ் அப்படியே எழுந்து முனிகிருஷ்ணன் பக்கம் திரும்பி அதே மாதிரி ஒன்று அடிப்பான். அவன் பெண்டாட்டி ரூபினி, "உக்காருய்யா, மானம் போவுது" என்று லுங்கியைப் பிடித்து இழுப்பாள்.

ரூபினியும் ராஜலக்ஷ்மியும் சேர்ந்து ஊதுபத்தி தேய்ப்பவர்கள். கரித்தூளும் பிசின்தூளும் கலந்து தண்ணீர் விட்டுப் பிசைந்த மாவை மடியருகில் வைத்துக்கொண்டு, சாய்வான பலகையில் மூங்கில் குச்சியை வைத்து உள்ளங்கையால் ஒரு உருட்டு. குச்சிமேல் மாவு மெல்லிசாக ஏறிக்கொள்ளும். மாவு தளர்ந்தால் குச்சியை விட்டு வழியும், இறுகினால் வெடிக்கும். பொழுது சாய்வதற்குள் இருவர் கையும் முழங்கைவரை கறுத்துப்போகும். அந்தக் கையாலேயே மூக்கைச் சொறிந்துகொண்டு ஒருத்தியை ஒருத்தி பார்த்துச் சிரிப்பார்கள்.

தொண்ணூற்றாறாம் வருஷம் ஆடியில் மழை ஓயவே இல்லை. அடித்துப் பெய்கிற மழையும் இல்லை, பெங்களூருக்கே உரிய நசநசத்த தூறல். தேய்த்த பத்தி காயவில்லை. கூடத்தில், கட்டிலடியில், அடுப்புமேட்டுப் பக்கத்தில் என்று வீடெல்லாம் பத்தியைப் பரப்பிவிட்டுக் கால் வைக்க இடமில்லாமல் இருந்தார்கள். அப்போதுதான் பட்டறையில் ஒரு மோட்டார் காணாமல் போனது. முதலாளி யார் யார் பேரையோ சொல்ல, போலீஸ் வந்து நாகேஷைக் கூட்டிப்போனது. முனிகிருஷ்ணன் வேலை பார்த்த ஸ்டேஷன்தான்.

மறுநாள் காலையில் ரூபினி ஓடி வந்தாள். கையில் தூக்கு. ராகிக் களி உருண்டையும் கீரைச் சாறும்.

"அண்ணா, இத அவருக்குக் குடுத்துடுங்க. நேத்திலிருந்து ஒண்ணும் துன்னிருக்க மாட்டாரு."

முனிகிருஷ்ணன் பெல்ட்டை இறுக்கிக்கொண்டே சொன்னான். "பயப்படாதம்மா. விசாரணைதான். சாயங்காலம் உட்டுடுவாங்க. இன்னிக்கு லாக்கப்புக்கு சென்ட்ரி நான்தான்."

"நீங்க இருக்கறீங்கன்னுதான் அண்ணா தைரியமா இருக்கறேன்."

அவன் போனபின் ரூபினி பலகையை எடுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டாள். அன்றைக்கு மற்ற நாளைவிட வேகமாகத் தேய்த்தாள். மோட்டாரைத் திருடினது யாரென்று நாகேஷுக்குத் தெரியும், ஆனால் சொல்ல மாட்டான், அப்படி ஒரு குணம் என்று பேசிக்கொண்டே இருந்தாள்.

சாயங்காலம் விளக்கு வைப்பதற்கு முன் சேதி வந்தது. நாகேஷ் செத்துப்போனான்.

லாக்கப்பில் வலிப்பு வந்துவிட்டதாம். சென்ட்ரி சாவியைத் தேடியிருக்கிறான். கிடைக்கவில்லை. எங்கேயோ வைத்துவிட்டு மறந்திருக்கிறான். பூட்டை உடைத்துத் திறப்பதற்குள் உயிர் போய்விட்டது. ஸ்டேஷன் ஆட்கள் சொன்னது அவ்வளவுதான். சந்தில் அதைக் கேட்டவர்கள் யாரும், எப்படி என்று கேட்கவில்லை. சென்ட்ரி யாரென்று தெரிந்தவுடனேயே எல்லாருக்கும் விளங்கிவிட்டது. நாடகத்தில் எத்தனை தடவை பார்த்தாயிற்று.

ஆஸ்பத்திரியிலிருந்து நாகேஷைக் கட்டி முடிந்த துணி மூட்டையாகத்தான் கொண்டுவந்தார்கள். முகம் மட்டும் தெரிந்தது. முழுசாகத் திறக்கக் கூடாதென்று கூடவே வந்த போலீஸ்காரர்கள் நின்றார்கள். தூறலிலேயே ஹரிச்சந்திரா சுடுகாட்டுக்குத் தூக்கிப்போய் வேலையை முடித்துவிட்டார்கள். முனிகிருஷ்ணன் வரவில்லை. வீட்டுக்குள் பத்திகளுக்கு நடுவே சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். அவனை சஸ்பெண்ட் செய்திருந்தார்கள்.

கல்லெறிவார்கள் என்று ராஜலக்ஷ்மி கதவைச் சாத்தி வைத்திருந்தாள். முதல் இரண்டு நாள் யாரோ வாசலில் நின்று கத்தவும் செய்தார்கள். அப்புறம் அது அடங்கிவிட்டது. அடங்கிய விதம்தான் அவளுக்குப் புரியவில்லை. தண்ணீர் பிடிக்கப் போனால் குழாயடியில் வழிவிட்டார்கள். "பாவம், அந்தாளு இன்னா பண்ணுவாரு, அவரு அப்பிடித்தான்" என்று காதுபடச் சொன்னார்கள். பெர்னதெத்தம்மா ரசம் வைத்து அனுப்பினாள். முனிகிருஷ்ணன் அதைத் தொடவில்லை.

ஸ்டேஷன் ரைட்டர் சுந்தரராமன் ஒரு மத்தியானம் வந்தார். குடையை மடக்கி வாசலில் சாய்த்துவிட்டு, பத்தியை மிதிக்காமல் பார்த்துப் பார்த்துக் கால் வைத்து உள்ளே வந்தார். நல்ல மனுஷர் என்று பேர் வாங்கியவர். ராஜலக்ஷ்மி கொடுத்த காப்பியைக் கையில் வைத்துக்கொண்டே பேசினார்.

"முனி, மாஜிஸ்ட்ரேட் விசாரணைக்குக் கூப்பிடுவா. நீ ஒண்ணும் யோசிக்க வேண்டாம். சாவி தொலைஞ்சுபோச்சு. அவ்வளவுதான் சொல்லணும்."

முனிகிருஷ்ணன் தலையை நிமிர்த்தவில்லை.

"நான் உன் நல்லதுக்குச் சொல்றேன். லாக்கப் சாவி சென்ட்ரிகிட்டதான் இருக்கணும்னு ரூல். நீ வேற மாதிரி பேசினா, அப்ப யாரு தொறந்து விட்டான்னு கேப்பா. உன் பேரும் அவா பேரோட சேர்ந்து வரும். இதுன்னா அஜாக்கிரதை. கொஞ்ச நாள் வீட்ல இருப்பே. எஸ்.ஐ. சாஹேப்ரு திரும்ப வேலைல எடுத்துக்க வைக்கறேன்னிருக்கார்." ராஜலக்ஷ்மி பக்கம் திரும்பினார். "நீதாம்மா சொல்லணும். இவன் சாவியத் தொலைச்சான்னா யாராவது நம்பாம இருப்பாளா? இந்தத் தெருவே நம்பறது. வேற ஒருத்தனா இருந்தா எரிச்சிருப்பா. இவன்மேல யாருக்குக் கோவம் வரும் சொல்லு."

அவர் போனபின் அவள் காப்பி டம்ளரை எடுத்தாள். அப்படியே இருந்தது.

"வேற மாதிரின்னா என்னங்க?" என்றாள்.

அவன் காலடியில் புரண்டு கிடந்த பத்திகளை வரிசையாக அடுக்க ஆரம்பித்தான். அவள் அதற்குமேல் கேட்கவில்லை. கேட்டால் தெரிந்துவிடும் என்று பயமாக இருந்தது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை பெர்னதெத்தம்மாவே வந்து அவன் கையைப் பிடித்து இழுத்தாள். "வாப்பா, எத்தினி நாளு இருட்டுலயே குந்திக்கினு இருப்ப. வந்து நாலு ஜனத்தோட உக்காரு." போகவில்லை என்றால் அவள் மனசு சங்கடப்படும். ராஜலக்ஷ்மியும் கூடப் போனாள். உள்ளே போனதும் ஆண்கள் நகர்ந்து பாய் கொடுத்தார்கள். ஒருத்தர் அவன் முதுகைத் தட்டிக் கொடுத்தார்.

டிவியில் கான்ஸ்டபிள் லாக்கப்பைக் கூட்டிப் பெருக்க உள்ளே போனான். போனவன் காற்றுக்குக் கதவைச் சாத்திக்கொண்டான். அப்புறம் துடைப்பத்தை உதற, சாவி பறந்து கம்பிக்கு வெளியே போய் விழுந்தது. கையை நீட்டுகிறான், எட்டவில்லை. காலை நீட்டுகிறான். பெல்ட்டைக் கழற்றி வீசினால் பேண்ட் அவிழ்கிறது. வழக்கம்போல் எல்லாரும் சிரித்துவிட்டார்கள். சிரித்து முடிக்கும் முன்னமே ஒவ்வொருவராக நிறுத்தி முனிகிருஷ்ணனைப் பார்த்தார்கள். யாரும் டிவியை நிறுத்தவில்லை. அதில் மட்டும் யாரோ சிரித்துக்கொண்டே இருந்தார்கள். மூலையிலிருந்து ஒரு பெண்குரல், "அய்யோ பாவம்" என்றது.

முனிகிருஷ்ணன் எழுந்து வெளியே போனான். தடுமாறவில்லை. நேராகப் போய் சாக்கடை மோரிப் பக்கம் குனிந்து வாந்தி எடுத்தான். ராஜலக்ஷ்மி செம்பில் தண்ணீர் கொண்டுவந்தாள். வாயைக் கொப்பளித்துவிட்டு அங்கேயே கல்லில் உட்கார்ந்தான்.

"சாவி தொலையல ராஜி."

செம்போடு உள்ளே திரும்பியவள் நின்றாள்.

"எஸ்.ஐ. சாஹேப்ரு சாவியக் கேட்டாரு. குடுத்தேன். இன்னும் ரெண்டு பேரக் கூட்டிக்கினு உள்ள போயி உள்பக்கமா பூட்டிக்கினாரு. என்னை வாசல்ல பாராவுக்கு நில்லுன்னாரு. நின்னேன்."

"சத்தம் கேட்டுச்சா?"

"மொதல்ல சார், சார்னு இருந்தான். அப்புறம் அண்ணான்னு கூப்ட்டான். நான் நிக்கறேன்னு அவனுக்குத் தெரியும். நான்தான காலையில தூக்கு குடுத்தேன், களி துன்னுட்டு எனக்கு சல்யூட்டு அடிச்சான்." முகத்தைப் புறங்கையால் துடைத்துக்கொண்டான். "எதிர்ல சோளம் சுடுறவன் ஒருத்தன், வண்டி நனையாம தார்ப்பாய் கட்டிக்கினு இருந்தான். ஒரு மூலை நிக்கவே மாட்டேங்குது. கட்டறான், அவுந்துக்குது. அதயே பாத்துக்கினு நின்னேன். அவன் கட்டி முடிக்கறதுக்குள்ள உள்ள சத்தம் நின்னுபோச்சு."

ராஜலக்ஷ்மிக்கு அவனைத் தொடவும் முடியவில்லை, விட்டுப் போகவும் முடியவில்லை. செம்பைக் கையில் வைத்துக்கொண்டு தூறலில் நின்றாள்.

அவள் யாரிடமும் சொல்லவில்லை. சொல்லக் கூடாதென்றுதான் முடிவெடுத்திருந்தாள். இருக்கிறவனையாவது காப்பாற்றிக்கொள்வோம், போனவன் வரப்போவதில்லை என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு பலகைமுன் உட்காருவாள். ஆனால் ரூபினி மறுபடி தேய்க்க வந்துவிட்டாள். வீட்டில் தனியாக இருந்தால் சுவர் பேசுகிறது என்றாள். தாலியில்லாத கழுத்தைப் பழைய துண்டால் சுற்றிக்கொண்டு, முன்னைப்போலவே எதிரில் உட்கார்ந்து குச்சியை உருட்டினாள்.

"அக்கா, அண்ணா சாப்பிடறதே இல்லையாமே?"

"ம்."

"சாப்பிடச் சொல்லுக்கா. எனக்கு அண்ணாமேல கோவம் இல்ல. இருந்துச்சு. அப்புறம் நெனச்சிப் பாத்தேன். அந்த நேரத்துல அண்ணா எப்பிடி பதறியிருப்பாரு? பாக்கெட்டுல தேடி, மேசையில தேடி, கை நடுங்கிக்கினு… அத நெனச்சா எனக்கு அவருக்கு அழறதா, அண்ணாவுக்கு அழறதான்னே தெரியல. கடைசி வரைக்கும் ஒருத்தராவது அவர வெளிய எடுக்கப் பாத்தாங்க இல்லக்கா? அது போதும்."

ராஜலக்ஷ்மியின் கை பலகையில் நின்றுவிட்டது. குச்சியில் மாவு ஒரு பக்கமாக வழிந்தது.

"எடுக்கப் பாக்கலடி," என்றாள்.

அதற்குப் பிறகு அவளால் நிறுத்த முடியவில்லை. தனக்குத் தெரிந்ததை எல்லாம் சொல்லிவிட்டாள். ரூபினி உருட்டிக்கொண்டிருந்த குச்சியைக் கீழே வைத்தாள். முடிந்ததும் எழுந்து உள்ளறைக்குப் போனாள். முனிகிருஷ்ணன் கட்டிலில் உட்கார்ந்திருந்தான். கரிக் கையோடு கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"அண்ணா. அவரு என் பேரச் சொன்னாரா?"

அவன் நிலையைப் பிடித்திருந்த அவள் கரிக் கையைப் பார்த்தான். பொய் சொல்லிவிடுவான் என்று ராஜலக்ஷ்மி நினைத்தாள். சொன்னால் நல்லது என்றும் நினைத்தாள்.

"இல்லம்மா. என்னைத்தான் கூப்ட்டான்."

ரூபினி அழவில்லை. "மாஜிஸ்ட்ரேட்டுகிட்ட இதயே சொல்லு," என்றாள். அதுவரை அவனை 'நீ' என்று அவள் பேசியதில்லை.

"சொல்றேன்."

"சாவி தொலஞ்சிச்சுன்னு சொன்னீன்னா நான் அங்கயே செத்துருவேன்."

"இல்லம்மா. சொல்றேன்."

அவள் போன பிறகு கதவு நிலையில் அவள் கைத்தடம் கறுப்பாகப் படிந்திருந்தது. ராஜலக்ஷ்மி அன்றே துடைத்துவிட்டாள்.

விசாரணை நடந்தது ஒரு பழைய சர்க்கார் கட்டடத்தில். நீளமான நடையில் பெஞ்சு போட்டிருந்தார்கள். ஒரு பெஞ்சில் ரூபினி. இன்னொன்றில் ராஜலக்ஷ்மி. எஸ்.ஐ. கதவுப் பக்கம் நின்று யாருடனோ கிரிக்கெட் பேசிக்கொண்டிருந்தார். சுந்தரராமன் இவர்களைப் பார்த்து மெல்லத் தலையாட்டினார்.

முனிகிருஷ்ணனைக் கூப்பிட்டார்கள். கதவு திறந்துதான் இருந்தது. மாஜிஸ்ட்ரேட் சாந்தமான ஆள். கன்னடத்தில் கேட்டார். இவனும் கன்னடத்தில் பதில் சொன்னான். சாவியை எங்கே வைத்தாய் என்று கேட்டார். எங்கேயும் வைக்கவில்லை, எஸ்.ஐ. கையில் கொடுத்தேன் என்றான். அவர் மேசைமேல் இருந்த காகிதங்களைப் புரட்டிப் பார்த்தார். மற்ற எல்லாரும் தொலைந்ததாகத்தானே சொல்கிறார்கள் என்றார். அப்புறம், குழந்தையிடம் கேட்பதுபோல, இதற்கு முன்னே நீ சைக்கிளைத் தொலைத்திருக்கிறாய், தொப்பியைத் தொலைத்திருக்கிறாய், மெமோ எல்லாம் இருக்கிறது, இதையும் அப்படி மறந்திருக்கலாம் இல்லையா என்றார். நடையில் நின்ற போலீஸ்காரன் ஒருத்தனுக்குச் சிரிப்பு வந்து, இருமலாக மாற்றிக்கொண்டான்.

"இல்ல சுவாமி," என்றான் முனிகிருஷ்ணன். "அன்னிக்கு நான் ஒண்ணும் மறக்கல. எல்லாம் கேட்டுச்சு. கேட்டுக்கினே நின்னேன்."

அவன் குரல் ஒரு இடத்திலும் தடுக்கவில்லை. இத்தனை வருஷத்தில் அவன் இப்படிப் பேசி ராஜலக்ஷ்மி கேட்டதில்லை. முதல் தடவையாக அவன் ஒரு போலீஸ்காரன் மாதிரி இருந்தான். அது அவளுக்குப் பயத்தைத்தான் கொடுத்தது.

அந்த விசாரணையால் பெரிதாக ஒன்றும் நடந்துவிடவில்லை. எஸ்.ஐ.யை வேறு ஜில்லாவுக்கு மாற்றினார்கள். கடமை தவறியதற்காகவும் முரணாகப் பேசியதற்காகவும் முனிகிருஷ்ணனை வேலையிலிருந்தே எடுத்துவிட்டார்கள். சந்துக்குச் சேதி தெரிந்த அன்று யாரும் கல்லெறியவில்லை. குழாயடியில் வழிவிடுவதுதான் நின்றுபோனது. பெர்னதெத்தம்மா எதிர்வீட்டுக் கதவைத் திறந்து இவர்களைப் பார்த்தால் மூடிக்கொண்டாள். சாவியைத் தொலைத்தவனுக்கு ரசம் கொடுத்து அனுப்பியவள், கேட்டுக்கொண்டு நின்றவனைப் பார்க்கக்கூட விரும்பவில்லை. தீபாவளிக்கு முன்னமே அவர்கள் ஜீவனஹள்ளிப் பக்கம் குடி மாறிவிட்டார்கள். அங்கே ஒரு மரக்கடையில் அவனுக்கு வாட்ச்மேன் வேலை கிடைத்தது. அந்தப் பக்கத்து ஜனங்களுக்கு அவன் ஒரு வாட்ச்மேன், அவ்வளவுதான். எதிலும் அவன் தடுமாறி யாரும் பார்த்ததில்லை.

ஆனால் அதெல்லாம் பிறகு. விசாரணையன்று முனிகிருஷ்ணனை இன்னும் கையெழுத்துக்காக உள்ளே வைத்திருந்தார்கள். ரூபினி எழுந்து வெளியே நடந்தாள். ராஜலக்ஷ்மி பின்னாலேயே போனாள். சேர்ந்து நடக்கத் தைரியம் வரவில்லை. பஸ் ஸ்டாப்பில் கூரை ஒழுகியது. ஒழுகாத இடம் கொஞ்சம்தான். இருவரும் அதற்குள் நிற்க வேண்டியதாயிற்று.

வெகுநேரம் பஸ் வரவில்லை. ரூபினிதான் பேசினாள். ரோட்டைப் பார்த்துக்கொண்டே பேசினாள்.

"சொல்லிட்டாரு."

"சொல்லிட்டாருடி."

"நான்தான் சொல்லச் சொன்னேன்."

"ஆமா."

"முன்ன நெனச்சா, அண்ணா சாவியத் தேடற மாதிரிதான் கண்ணுக்கு வரும். அப்பிடியே தூங்கிப்பூடுவேன்." துண்டை இழுத்துக் கழுத்தை மூடிக்கொண்டாள். "இப்ப யாருமே தேடலக்கா."

ராஜலக்ஷ்மி அவள் கையைப் பிடிக்க நீட்டினாள். ரூபினி கையை இழுத்துக்கொள்ளவில்லை, கொடுக்கவும் இல்லை. அந்தக் கையில் எத்தனை கழுவியும் போகாத கரி விரலிடுக்கில் இருந்தது.

பஸ் வந்தது. கூட்டம் அதிகமில்லை. ரூபினி ஏறி ஜன்னலோரமாக உட்கார்ந்தாள். பக்கத்து இடம் காலியாக இருந்தது. கண்டக்டர், "ஏறம்மா, ஸ்ரீராம்புரந்தான?" என்று ராஜலக்ஷ்மியைப் பார்த்துக் கேட்டான்.

"நீங்க போங்க," என்றாள் அவள். "எனக்கு அடுத்த பஸ்."